சித்தப்பாவின் காது

வத்தலக்குண்டு பேருந்தில் பழைய டிஸ்கோ பாட்டு ஒன்று ஓடுகிறது. அதில் டிரம்ஸ் வாசித்தவர் என் சித்தப்பா.

சென்னை ஸ்டூடியோக்களில் கூப்பிட்ட பாட்டுக்கெல்லாம் அவர் வாசித்தார். தாளம் பிசகாமலிருக்க, ஹெட்போனில் டக் டக்கென்று ஓடும் சத்தத்தை முழுதாகக் கூட்டி வைத்துக்கொள்வார். திண்டுக்கல் வந்தால், பக்கத்துத் தோல் பதனிடும் ஆலையின் நெடி வீசும் எங்கள் வீட்டில் தட்டின் விளிம்பைத் தட்டியபடி சாப்பிடுவார். பின்னாலிருந்து அம்மா கூப்பிட்டால் திரும்பமாட்டார்.

“ஏம்ப்பா, காதை மெட்ராசுலயே கழட்டி வச்சுட்டு வந்துட்டியா?”

“டிரம்ஸ்காரனுக்குக் கை போதும் மதினி.”

ஒரு வருடம் எங்கள் ஊர்த் திருவிழாக் கச்சேரியில் அவர் வாசித்த ஒரு பாட்டு முடிந்தது. பாடகர் நிறுத்தினார், மற்ற கருவிகளும் நின்றன. குனிந்திருந்த சித்தப்பா மட்டும் வாசித்துக்கொண்டே இருந்தார். தனியாக வாசித்துக் காட்டுகிறார் என்று நினைத்துக் கூட்டம் விசிலடித்தது. அம்மா கைதட்டவில்லை.

மேடையிலிருந்து இறங்கியவர் நேராக அம்மாவிடம் வந்தார்.

“பாட்டு எப்ப முடிஞ்சுச்சு மதினி?”

அம்மா அவர் முகத்தையே பார்த்தாள்.

“யார்ட்டயும் சொல்லிராதீங்க. திங்கக்கிழமை ரெக்கார்டிங் இருக்கு.”

அதன்பிறகும் பல ஆண்டுகள் வாசித்தார். பேருந்தில் ஓடும் பாட்டில் ஓர் அடிகூடப் பிசகவில்லை. இதை அவர் காதால் கேட்டு வாசித்தாரா என்று என்னால் கண்டுபிடிக்க முடியவில்லை.