பட்டியலை நம்பி மூன்று பேர்

நாங்கள் மூன்று பேர் சம்பளம் வாங்கியது ஒரே ஒரு பட்டியலால். சொன்னால் என் வீட்டிலேயே நம்பமாட்டார்கள்.

இணையத்தில் ஏதாவது விண்ணப்பம் நிரப்பும்போது ‘மாவட்டம்’ என்று ஒரு கட்டம் இருக்கும். அதைத் தொட்டால் அரியலூரில் ஆரம்பித்து ஒரு பட்டியல் கீழே இறங்கும். அது பிரவுசர் தருகிற பட்டியல். அது கொடுப்பதை அப்படியே வாங்கிக்கொள்ள வேண்டும். பெயருக்குப் பக்கத்தில் ஒரு சின்னப் படம் வைக்க வேண்டுமா, கிடையாது. எங்கள் கிளையன்டோ ஒரு காப்பீட்டு நிறுவனம். ஒவ்வொரு திட்டத்துக்கும் பக்கத்தில் கார், வீடு, தொட்டில் என்று படம் வந்தே தீரவேண்டும் என்று ஒற்றைக்காலில் நின்றார்கள். அதனால் பிரவுசரின் பட்டியலை ஓரமாக வைத்துவிட்டு, அதைப் போலவே நடிக்கும் ஒரு பட்டியலை நாங்களே எழுதினோம்.

எழுதியது பெரிய விஷயமில்லை. அதைக் கட்டி மேய்த்ததுதான் பாடு. ஒரு போனில் திறந்தால் மூடாது. இன்னொன்றில் திரைக்கு வெளியே போய் நிற்கும். பார்வையற்றவர்களுக்குப் பக்கத்தை வாசித்துக் காட்டும் மென்பொருளுக்கோ அங்கே ஒரு பட்டியல் இருப்பதே தெரியாது. ஒன்றைச் சரிசெய்தால் இன்னொன்று புட்டுக்கொள்ளும். பெருங்களத்தூரில் ஜி.எஸ்.டி. ரோட்டைப் பார்த்த மூன்றாவது மாடியில் வருடக்கணக்காக இதே பிழைப்பு. டீமுக்கு லீடாக இருந்தவரை அண்ணா என்றுதான் கூப்பிடுவோம். பொழிச்சலூர்க்காரர், ஐம்பதை நெருங்கியவர், மகள் காட்டாங்குளத்தூரில் காலேஜ் படிக்கிறாள். சோதித்துப் பார்க்கிற வேலை கோவளம் பக்கத்துக் குப்பத்திலிருந்து வரும் ஒரு பெண்ணுக்கு. அவள் அம்மா மீன் விற்கிறார். அந்த வீட்டில் மாதச் சம்பளம் வாங்கிய முதல் ஆள் அவள்தான்.

“இன்னாக்கா இது, ஒரு லிஸ்டு கீழ வுழறதுக்கு இம்மாம் பேஜாரா?” என்று வாரத்துக்கு ஒருமுறையாவது கேட்பாள்.

நியாயமான கேள்வி. பிரவுசர் செய்கிறவர்கள் எல்லாரும் கூடி, ‘இந்தப் பட்டியலை இனி அவரவர் இஷ்டத்துக்கு அலங்கரித்துக்கொள்ளலாம்’ என்று ஒத்துக்கொண்டால் எங்கள் தலைவலி தீர்ந்தது. ஒத்துக்கொண்டால்தானே! அவர்கள் பேசிக்கொள்வது பொதுவில் இருக்கும், யார் வேண்டுமானாலும் படிக்கலாம். நான் மதியச் சாப்பாட்டை வைத்துக்கொண்டு படிப்பேன், சாப்பாடு இறங்காது. இதற்கு என்ன பெயர் வைப்பது என்று பேசினார்கள். ஒரு பெயர் வைத்தார்கள், மாற்றினார்கள், கடைசியில் பழைய பெயரே இருக்கட்டும் என்று திரும்பி வந்தார்கள். என் தங்கைக்கு அதற்குள் கல்யாணம் ஆகி, குழந்தை பிறந்து, அதற்குப் பெயர் வைத்து, பள்ளிக்கூடத்திலும் சேர்த்துவிட்டார்கள்.

எங்களில் அதிகம் திட்டியது அண்ணாதான். “பொங்கலுக்கு நம்ம ஜங்ஷன்ல நிக்கிற பஸ்ஸு கூட இதவிட வேகமா நகரும்மா” என்பார். ஒரு கட்டத்தில் என் முகத்தைப் பார்த்துவிட்டு, “நீ இத படிச்சு உடம்பைக் கெடுத்துக்காத. நான் பாத்துக்கறேன், வந்தா சொல்றேன்” என்றார். நான் படிப்பதை நிறுத்தினேன். எப்போதாவது கேட்டால், “அது எங்க வரப்போவுது” என்று கையை விரிப்பார்.

இந்தப் பொங்கலுக்கு ஒரு வாரம் முன்னால் அண்ணா லீவில் இருந்தார். வேறு ஏதோ கோளாறுக்கு விடை தேடப் போன இடத்தில் அதைப் பார்த்தேன். பட்டியலுக்குள் படம். வந்துவிட்டது. எல்லா பிரவுசரிலும் இல்லைதான். ஆனால் காப்பீட்டு முகவர்களுக்கு நிறுவனமே கொடுத்திருக்கும் டேப்லெட்டில் இருப்பது ஒரே பிரவுசர், அதில் வந்து மாதக்கணக்காகிறது. சில வரிகள் எழுதினேன். தொட்டேன். பட்டியல் இறங்கியது, தொட்டில் படம் சமத்தாக ‘குழந்தை நலத் திட்டம்’ பக்கத்தில் வந்து உட்கார்ந்தது. வருடக்கணக்காக நாங்கள் முட்டிமோதிய சுவர் அங்கே இல்லவே இல்லை.

சோதிக்கும் பெண்ணைக் கூப்பிட்டேன். அவள் தனக்குத் தெரிந்த எல்லா விதத்திலும் அதை உடைக்கப் பார்த்தாள். “அக்கா, எதுவுமே ஒடைய மாட்டேங்குதுக்கா!” என்று பயந்துபோய்ச் சொன்னாள்.

அன்று சாயங்காலம் கிளையன்டோடு வழக்கமான வீடியோ பேச்சு. அண்ணா வரட்டும் என்று காத்திருக்க எனக்குப் பொறுமை இல்லை. பழைய கோட் முழுவதையும் எடுத்துவிட்டு வேலை செய்கிறது பாருங்கள் என்று திரையில் காட்டினேன். அப்படி ஒரு பெருமை. அந்தப் பக்கத்து அதிகாரி நல்ல மனிதர். மனதாரப் பாராட்டினார். பிறகு குரலில் எந்தக் கள்ளமும் இல்லாமல், “ரொம்ப சந்தோஷம்மா. அப்ப உங்க டீம் இனிமே என்ன பண்ணும்?” என்று கேட்டார்.

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. பதில் தெரியாததால் இல்லை. அந்தக் கேள்வி இத்தனை வருடத்தில் ஒரு நாள்கூட என் மண்டையில் உதிக்கவில்லையே என்றுதான். தீராதா தீராதா என்று நான் நச்சரித்த தலைவலியை வைத்துத்தான் எங்கள் மூன்று வீட்டிலும் உலை கொதித்திருக்கிறது. பக்கத்தில் இருந்த சோதிக்கும் பெண் என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

போகிக்கு முந்தின நாள் மேனேஜர் முடிவைச் சொன்னார். சோதிக்கும் பெண்ணுக்கு வேறு டீமில், வேறு வேலையில், தற்காலிகமாக ஓர் இடம். எனக்குப் பாராட்டும் புது புராஜெக்டும். லீவு முடிந்து வந்த அண்ணாவுக்கு, டீமே இல்லாதபோது லீடு எதற்கு என்று, வேலையை விட்டு அனுப்பும் நோட்டீஸ். மேனேஜர் என் கையைக் குலுக்கினார். குலுக்கக் கொடுத்த என் கையை எனக்கே பிடிக்கவில்லை.

அன்று சாயங்காலம் அண்ணாவோடு ஸ்டேஷனுக்கு நடந்தேன். ரோடு முழுக்க ஊருக்குப் போகிற கூட்டம், பைகளோடும் தூங்கி வழியும் குழந்தைகளோடும். பிளாட்பாரத்துக்கு வந்த பிறகு, எதையெதையோ உளறி மன்னிப்புக் கேட்டேன். தெரியாமல் செய்துவிட்டேன், இது வந்ததே அன்றைக்குத்தான் பார்த்தேன் என்று.

“எனக்குத் தெரியும்மா” என்றார். “பிரவுசர்காரங்க சோதனைக்கு விட்டப்பவே பாத்துட்டேன். செஞ்சும் பாத்தேன். என் லேப்டாப்புல இருக்கு.”

நான் நின்றுவிட்டேன். அவர் டீ வாங்குவதுபோல் சாதாரணமாகச் சொன்னார். எத்தனை நாளாக என்றேன். ஒரு வருடம் ஆகியிருக்கும் என்றார்.

“போன தீபாவளிக்கு அம்மா வீட்டுக்குப் போவாம ஒக்காந்து பட்டியலை சரிபண்ணேனே அண்ணா, அது?”

“அது தேவையில்லாததுதான்.”

இந்த மனிதரிடம் மன்னிப்புக் கேட்க நாலைந்து நாளாகச் சோறு தண்ணி இல்லாமல் கிடந்தேன். இவரோ என் தீபாவளியை எடுத்து மூன்று பேருக்கும் சோறு போட்டிருக்கிறார், எனக்கும் சேர்த்து. கத்தத் தோன்றியது. “ஏமாத்திட்டீங்க” என்று சொல்லவும் சொன்னேன். ஆனால் பாதியில் குரல் இறங்கிவிட்டது, ஏனென்றால் கிளையன்ட் கேட்ட அன்று சோதிக்கும் பெண் என்னைப் பார்த்த பார்வை கண்ணிலேயே நின்றது.

“ஆமா, ஏமாத்தினேன்” என்றார். “கிளையன்டையும்தான். என் பொண்ணுக்குப் படிப்பு முடியட்டும், டெஸ்ட் பண்ற பொண்ணுக்கும் ரெண்டு வருஷ அனுபவம்னு காட்ட ஏதாவது இருக்கட்டும்னு நெனச்சேன்.”

“எங்கிட்டயாவது சொல்லியிருக்கலாமே.”

“சொல்லியிருந்தா என்ன பண்ணியிருப்ப?”

வாயை மூடிக்கொண்டு இருந்திருப்பேன் என்று சொல்லத்தான் ஆசை. ஆனால் தொட்டில் படம் வந்து உட்கார்ந்தபோது எனக்கு வந்த சந்தோஷத்தை நினைத்துப் பார்த்தேன். “அன்னிக்கே எல்லாருக்கும் காட்டியிருப்பேன்” என்றேன்.

தாம்பரம் வழியாகக் கடற்கரை போகும் வண்டி வருவதாக அறிவிப்பு வந்தது. பையைத் தோளில் மாட்டிக்கொண்டவர், சட்டென்று ஞாபகம் வந்ததுபோல் என் பக்கம் திரும்பினார்.

“ஆமா, அந்தப் படம் முதல் எழுத்து மேல ஏறி ஒக்காந்துக்குமே. நான் மண்டைய ஒடச்சுக்கிட்டும் சரியாவல. நீ அத எப்படி சரிபண்ண?”

“எனக்கு அப்படி வரவே இல்லியே அண்ணா. வெச்சதும் சரியாத்தான் ஒக்காந்துது.”

நோட்டீஸை வாங்கியபோதுகூட மாறாத முகம் அப்போது மாறியது. பிரவுசர்காரர்களே அதைச் சரிசெய்திருக்கிறார்கள் என்று அவருக்கு மெல்ல விளங்கியது. வண்டி வந்து நின்று, கூட்டம் எங்களை இடித்துக்கொண்டு ஏறியது. அவர் ஏறாமல் என்னையே பார்த்துக்கொண்டு நின்றார்.

“அதுக்குள்ளயா?” என்றார்.