செஞ்சி மலைக்கு நாலாவது ஆளாக ஒரு கல்

செஞ்சிக் கோட்டையை ஒரே நாளில் பார்த்துவிட்டுத் திரும்ப முடியுமா, வழிகாட்டி வைத்துக்கொள்ள வேண்டுமா என்று இரண்டு மூன்று பேர் கேட்டிருந்தீர்கள். முடியும். ஒரே நாளில் இரண்டு மலையும் ஏறி இறங்கியவன் நான். ஆனால் அது 1963, தை மாதம். எனக்கு அப்போது இருபத்தாறு வயது. இன்னொன்றையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன்: நான் போனது கோட்டை பார்க்க அல்ல, பெண் பார்க்க.

அப்போது திண்டிவனத்தில் ஒரு மல்லாட்டை எண்ணெய், அதாவது கடலை எண்ணெய், ஆலையில் எனக்கு ஃபிட்டர் வேலை. என் பெரியப்பா விழுப்புரத்தில் ஒரு வரன் பார்த்திருந்தார். பெண் ஆரம்பப் பள்ளி டீச்சர். பெயர் தனலட்சுமி. அவளை ஏற்கெனவே இரண்டு வீட்டார் வந்து பார்த்து, பஜ்ஜி சொஜ்ஜி சாப்பிட்டுவிட்டு, “பொண்ணு ஓங்குதாங்கா இருக்குது” என்று சொல்லிப் போய்விட்டார்கள். மூன்றாவது தடவையும் தெருவே பார்க்கத் தட்டோடு வந்து நிற்கமாட்டேன் என்று அவள் சொல்லிவிட்டாளாம். அதனால் இரண்டு பக்கத்துப் பெரியவர்களும் ஓர் ஏற்பாடு செய்தார்கள். ஞாயிற்றுக்கிழமை அவர்கள் கோட்டை பார்க்க வருவார்கள், நானும் கோட்டை பார்க்கப் போவேன். பகல் பதினோரு மணிக்கு மலை உச்சியில் தற்செயலாகச் சந்திப்போம். பிடித்தால் மேலே பேசுவது. பிடிக்காவிட்டால் யாரும் யாரையும் பார்க்கவில்லை, கோட்டையைத்தான் பார்த்தார்கள். எந்த மலை உச்சி என்று மட்டும் எந்தப் பெரிய மனிதருக்கும் கேட்கத் தோன்றவில்லை.

எனக்கும் உள்ளுக்குள் உதறல்தான். நான் ஐந்தடி நான்கு அங்குலம். உயரமான பெண்ணை உயரம் என்று நான் தள்ளப் போவதில்லை. அவள் என்னைத் தள்ளிவிட்டால் என்ன செய்வது என்பதுதான் கவலை.

துணைக்கு ஆலையில் கூட வேலை பார்த்த மாணிக்கத்தை அழைத்துக்கொண்டேன். திண்டிவனத்திலிருந்து செஞ்சி பதினெட்டு மைல். காலை ஆறு மணி பஸ், டிக்கெட் எழுபது காசு என்று ஞாபகம். வழியெல்லாம் பனி. மாணிக்கம் வீட்டிலிருந்து கேப்பை அடையும் வெங்காயச் சட்னியும் கட்டி வந்திருந்தான். அதை மலைமேல் போய்ச் சாப்பிடுவது என்றுதான் பேச்சு. வல்லம் தாண்டுவதற்குள் பொட்டலத்தில் பாதி காலி.

செஞ்சி கடைத்தெருவில் டீ குடிக்கும்போது முனுசாமி அண்ணன் கிடைத்தார். நாற்பது வயதிருக்கும். கழனியில் வேலை இல்லாத நாட்களில் வெளியூர்க்காரர்களுக்கு மலை காட்டுவார். இரண்டு ரூபாயும் மத்தியானச் சாப்பாடும் என்று பேசி முடித்தோம். திருவண்ணாமலை ரோட்டிலேயே ஒன்றரை மைல் மேற்கே நடந்தால் கோட்டை வந்துவிடும். ரோட்டுக்குத் தெற்கே ராஜகிரி, வடக்கே கிருஷ்ணகிரி. ராஜகிரி பெரிய மலை, எண்ணூறு அடிக்குக் குறையாது. கிருஷ்ணகிரியை ராணிக் கோட்டை என்றும் சொல்வார்கள். அது கொஞ்சம் சின்னது, ஆனால் படி செங்குத்து.

ரோட்டில் நின்றுகொண்டு அண்ணன் கேட்டார்.

“எந்த மலைக்குங்க?”

அப்போதுதான் எனக்கே அந்தக் கேள்வி உறைத்தது. யோசித்தேன். பெண்கள் வருகிறார்கள். சேலை கட்டிக்கொண்டு ராஜகிரி ஏற முடியுமா? நிச்சயம் சின்ன மலைக்குத்தான் வருவார்கள்.

“சின்ன மலைக்கே போவலாம் அண்ணே. பொம்பளைங்க வர்றாங்க.”

“எங்க ஊட்டுக்காரி வெறவுக்கு ரெண்டு மலையும் ஏறி எறங்குது,” என்றார் அவர். “ஒங்க இஷ்டம்.”

நாலு எட்டு வைத்தவர் சட்டென்று நின்று எங்களைத் திரும்பிப் பார்த்தார். “மூணு பேரா இருக்குறோமே. ஒரு காரியமா போறப்ப மூணு பேரா போவக் கூடாதுங்க.”

இந்த வழக்கம் எங்கள் பக்கத்தில் எல்லோருக்கும் தெரிந்ததுதான். மூன்று பேராகக் கிளம்ப வேண்டி வந்தால் ஒரு சின்னக் கல்லை நாலாவது ஆளாக எடுத்துக்கொள்வார்கள். அண்ணன் ரோட்டோரம் குனிந்து உள்ளங்கை அளவு கல் ஒன்றைப் பொறுக்கி என் சட்டைப் பையில் போட்டார். உச்சியில் கோயில் வாசலில் அதை உட்கார வைத்துவிட வேண்டும், இறங்கும்போது வேறு கல் எடுத்துக்கொள்ள வேண்டும் என்பது அந்த மலைக்கென்று உள்ள முறையாம். எனக்கு அதிலெல்லாம் நம்பிக்கை கிடையாது. ஆனாலும் அன்றைக்குப் போன காரியம் அப்படிப்பட்டது, வாயை மூடிக்கொண்டேன்.

“நாலாவது ஆளுக்கு அடை உண்டா?” என்று கேட்டான் மாணிக்கம். அவனுக்கு அவன் கவலை.

ஏறி முடிக்க முக்கால் மணி நேரம் ஆனது. மேலே களஞ்சியம், கோயில், வளைவு வளைவாகத் தூண்கள் வைத்த ஒரு மண்டபம் எல்லாம் உண்டு. மண்டபத்தில் உட்கார்ந்தால் நாலு பக்கமும் காற்று வரும். கீழே நெல் வயல்கள் அறுவடை முடிந்தும் முடியாமலும் இருந்தன. வேறு நாளாக இருந்தால் இதையெல்லாம் விவரமாகப் பார்த்து எழுதியிருப்பேன். அன்றைக்கு என் கண் படியின் மேலேயே இருந்தது. பத்தரை ஆயிற்று, பதினொன்று ஆயிற்று. குரங்குகளைத் தவிர யாரும் வரவில்லை.

“வர மாட்டாங்கடா,” என்றான் மாணிக்கம். “நீ குள்ளம்னு யாரோ போட்டுக் குடுத்துட்டாங்க.”

சிரித்துவைத்தேன். அப்போதுதான் மதில் ஓரம் நின்றிருந்த முனுசாமி அண்ணன் கையைக் காட்டினார்.

“தம்பி, அங்க பாருங்க. ராஜகிரி மேல ஆளுங்க நிக்குது.”

பறவை நேராகப் பறக்கும் கணக்கில் ஒரு மைல் இருக்கும். எதிர் உச்சியில் மூன்று புள்ளிகள். ஒன்று வெள்ளை வேட்டி. ஒன்று உட்கார்ந்திருந்தது. மூன்றாவது பச்சை, நல்ல கிளிப் பச்சை. அது மதிலின் விளிம்புக்கே வந்து எங்கள் பக்கம் பார்த்து நின்றது. வெள்ளை வேட்டி துண்டை எடுத்து வீசியது. ஆண்பிள்ளைகள் பெரிய மலைக்குத்தான் வருவார்கள் என்று அவர்கள் நினைத்திருக்கிறார்கள்! என் வாழ்க்கையில் நான் பெண் பார்த்தது இப்படித்தான். கண் மூக்கு ஒன்றும் தெரியவில்லை. உயரமா குட்டையா என்றுகூடத் தெரியவில்லை. ஆனால் அந்தப் பச்சைப் புள்ளி அசையாமல் நின்ற நிற்பு எனக்குப் பிடித்துவிட்டது. இருங்கள், நான் அங்கே வருகிறேன் என்று இரண்டு கையையும் ஆட்டினேன். பையிலிருந்த கல்லைக் கோயில் வாசலில் வைத்துவிட்டு இறங்கினேன். வேறு கல் எடுத்துக்கொள்ளச் சொல்லி அண்ணன் பின்னாலிருந்து கத்தினார். ஒன்றைப் பொறுக்கிக்கொண்டு ஓடினேன்.

நான் கை ஆட்டியதை அவர்கள் “இறங்கி வாருங்கள்” என்று எடுத்துக்கொண்டார்கள் போலிருக்கிறது. நான் ராஜகிரி அடிவாரத்துக்குப் போய்ச் சேர்ந்து, ஏறுவதற்கு முன் கொஞ்சம் மூச்சு வாங்கிக்கொண்டு நிற்கும்போதே அவர்கள் இறங்கி வந்துவிட்டார்கள். வெள்ளை வேட்டிக்காரர் பெண்ணின் தாய்மாமன். செஞ்சியிலேயே பிறந்து வளர்ந்தவர், அவர்களுக்கு அவரே வழிகாட்டி. அவருடைய மனைவி காலை நீட்டிப் புளியமரத்தடியில் சாய்ந்துவிட்டார். பச்சைச் சேலை அந்த மரத்துக்கு அந்தப் பக்கம், எனக்கு முதுகு காட்டி நின்றது. நீளமான பின்னல் மட்டும் தெரிந்தது.

மாமா நல்ல மனிதர். என்னைப் பார்த்ததும் சிரித்துவிட்டார்.

“இன்னா தம்பி, நீங்க அங்க, நாங்க இங்க. ஏன் சின்ன மலைக்குப் போயிட்டீங்க?”

“பொம்பளைங்களால பெரிய மலை ஏற முடியாதுன்னு நெனச்சிக்கினு…” என்று இழுத்தேன்.

மரத்துக்குப் பின்னால் பின்னல் அசைந்தது. மாமா அங்கே போனார். மெல்லிய குரலில் ஏதோ பேச்சு நடந்தது. திரும்பி வந்தவர் துண்டால் வாயை மூடிச் சிரிப்பை அடக்கிக்கொண்டு சொன்னார்.

“தம்பி, கோச்சிக்காதீங்க. பொண்ணு இன்னா சொல்லுதுன்னா, நான் ஏறிப் போயி நின்னேன், அவரும் ஏறிட்டு வரட்டும்னு சொல்லுது. நாங்களும் மூணு பேரு. நாலாவதுக்கு எடுத்துக்கினு போன கல்லைக் குங்குமம் வெச்சி கோயில் வாசல்ல வெச்சிருக்குது. அத எடுத்தாந்து ஊட்ல குடுக்கணுமாம். எங்களுக்கு மூணு மணிக்கு பஸ்ஸு. நீங்க அடுத்த ஞாயித்துக்கெழம வாங்க.”

“கல்லு கெடைக்கலன்னா?”

“கெடைக்கலன்னா இன்னா, கோட்டையச் சுத்திப் பாத்தோம்னு இருந்துக்குவோம்.”

எந்தத் தந்திரத்தைப் பெரியவர்கள் மானம் காக்கச் செய்தார்களோ, அதையே எடுத்து என் தலையில் வைத்தாள். கோபம் வந்திருக்க வேண்டும். எனக்கு வந்தது ரோஷம், கூடவே ஒரு சந்தோஷம்.

மாணிக்கம் வரமாட்டேன் என்று புளிய நிழலில் படுத்துவிட்டான். நானும் அண்ணனும் மட்டும் புறப்பட்டோம். பையிலிருந்த கல்லைக் காட்டி இது வேண்டுமா என்று கேட்டேன். “ரெண்டு பேருக்குக் கல்லு வாணாம், தூக்கிப் போடுங்க,” என்றார்.

ராஜகிரி ஏற்றத்தைப் பற்றி இங்கே ஒழுங்காகச் சொல்லிவிடுகிறேன், உங்களுக்குப் பயன்படும். முதலில் கமலக்கண்ணி அம்மன் கோயில் வரை சுகமான படிகள், மர நிழல் உண்டு. அதற்குப் பிறகு வெட்டவெளிப் பாறை. உச்சிக்குக் கொஞ்சம் முன்னால் மலை இரண்டாகப் பிளந்து கிடக்கும். அந்தப் பிளவின்மேல் ஒரு பாலம், அதுதான் ஒரே வழி. குனிந்து கீழே பார்க்காதீர்கள். பாலத்தைத் தாண்டியதும் ஓரிடத்தில் படி இடிந்து சரிந்திருந்தது. ஏற்கெனவே ஒரு மலை ஏறி இறங்கிய கால். வழுக்கி முழங்காலைப் பாறையில் தேய்த்துக்கொண்டேன், வேட்டியெல்லாம் ரத்தம். “திரும்பிடலாமா தம்பி?” என்றார் அண்ணன். வேண்டாம் என்று தலையாட்டினேன்.

மேலே போய் ரங்கநாதர் கோயில் வாசலைப் பார்த்ததும் எனக்கு அழுகை வராத குறை. அங்கே ஒரு கல் இல்லை, நூறு கல் உட்கார்ந்திருந்தது. மூன்று பேராக மலையேறிய அத்தனை கூட்டத்தின் நாலாவது ஆளும் அங்கேதான். அதில் பாதிக்குக் குங்குமமும் மஞ்சளும் வைத்திருந்தார்கள்.

“இதுல எதுங்கண்ணே?”

“எனக்கு இன்னா தெரியும்? கட்டிக்கப் போறது நீங்க,” என்றார் அண்ணன்.

குங்குமம் காயாதது மாதிரி தெரிந்த ஒரு தட்டைக் கல்லை எடுத்துக்கொண்டேன். இறங்கி, தூங்கிக்கொண்டிருந்த மாணிக்கத்தை எழுப்பி, பொழுது சாயும் நேரத்துக்குச் செஞ்சி பஸ் நிலையத்துக்கு வந்து சேர்ந்தோம்.

அடுத்த ஞாயிறு திண்டிவனத்தில் ரயிலேறி விழுப்புரம் போனேன். பெரியப்பா கூட வந்தார். அவர்கள் வீடு ஸ்டேஷனுக்கு நடை தூரம்தான். கூடத்தில் நொண்டிக்கொண்டே போய் உட்கார்ந்தேன். தட்டில்லாமல் வெறுங்கையோடு அவள் வந்தாள். என்னைவிட இரண்டு விரல் உயரம். கைக்குட்டையில் சுற்றியிருந்த கல்லை எடுத்துக் கொடுத்தேன். திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

“இது நான் வெச்ச கல்லு இல்லீங்க.”

பெரியப்பா என்னைப் பார்த்த பார்வையில் நான் பொசுங்கிப் போயிருக்க வேண்டும். எல்லாம் முடிந்தது, கோட்டை பார்த்ததோடு சரி என்று எழுந்திருக்கப் பார்த்தேன்.

“முட்டிய எங்க தேச்சிக்கினீங்க?” என்று கேட்டாள்.

“பாலத்தத் தாண்டுனதும், அந்த இடிஞ்ச படியில.”

அவள் திரும்பி மாமாவைப் பார்த்தாள். “நம்ம அத்தையும் அங்கதான் வழுக்குனாங்க. ஏறித்தான் இருக்காரு மாமா.”

சம்மதம் என்ற வார்த்தையை அவள் சொல்லவே இல்லை. மாமா எழுந்துபோய் வெற்றிலைத் தட்டைக் கொண்டுவந்து வைத்தார்.

இனி போகப் போகிறவர்களுக்கு. மழை முடிந்து மார்கழி, தை, மாசியில் போங்கள். வெயில் காலத்தில் அந்தப் பாறையில் கால் வைக்க முடியாது. இப்போது நுழைவுச் சீட்டு உண்டு, பிற்பகலில் மேலே ஏற விடுவதில்லை என்று கேள்வி, விசாரித்துக்கொள்ளுங்கள். விடிந்ததும் ஏற ஆரம்பித்துவிட வேண்டும். ஆளுக்கு இரண்டு பாட்டில் தண்ணீர் வேண்டும். தின்பண்டத்தைக் கையில் பிடித்துக்கொண்டு போனால் குரங்குக்குத்தான் போகும். இரண்டு மலையையும் ஒரே நாளில் ஏறுவது எனக்கு ஆகிற காரியமாக இருந்தது, ஏன் என்று உங்களுக்கே தெரியும். மற்றவர்கள் இரண்டு நாள் வைத்துக்கொள்ளுங்கள். உள்ளூர் ஆள் ஒருவரைக் கூட்டிக்கொண்டு போங்கள், அவர் ஏதாவது சொன்னால் காது கொடுத்துக் கேளுங்கள். யாரையாவது சந்திக்கப் போவதாக இருந்தால் எந்த மலை என்று முதலில் கேட்டுக்கொள்ளுங்கள்!

கல்யாணமான அந்த வருஷக் கடைசியில், யாருடையதோ தெரியாத அந்தக் கல்லைத் திரும்ப வைக்க நானும் தனலட்சுமியும் ராஜகிரி ஏறினோம். எங்கள் இரண்டு பேரோடு கல்லையும் சேர்த்தால் மூன்று ஆகிறதே என்று முனுசாமி அண்ணனையும் அழைத்துக்கொண்டோம். உச்சியில் கல்லை வைத்துவிட்டு, உன் கல் எது, காட்டு என்று கேட்டேன். சிரித்தாளே தவிரக் காட்டவில்லை. அதற்குப் பிறகும் நாலு தடவை ஏறினோம், நாலு தடவையும் கேட்டேன். இப்போது இரண்டு பேர் முழங்காலும் மலை ஏறுகிற நிலையில் இல்லை. இதை எழுதிக்கொண்டிருக்கும்போதுகூட உள்ளே எட்டிப் பார்த்து, இப்பவாவது சொல்லேன் என்று கேட்டேன்.

“ஏறிப் போயித் தேடுங்க,” என்கிறாள்.