கொப்பன்ஹேகனில் தங்கைக்குப் பின்னால் இரண்டரைக் கிலோமீற்றர்

வியாழக்கிழமை காலை ஒன்பதரை மணிக்குக் கிழக்கு லண்டனின் குட்மேய்ஸ் ரயில் நிலையத்தில் என் கணவர் குகன் மூன்றாவது தடவையாகக் கேட்டார்.

"பாஸ்போட் எடுத்தனீரோ?"

"எடுத்தனான். நீங்கள் பிள்ளையளுக்குச் சாப்பாடு குடுக்க மறக்காதையுங்கோ."

அது 1995, மே மாதம். பிரித்தானியக் கடவுச்சீட்டு கைக்கு வந்து ஆறு வாரம்தான் ஆகியிருந்தது. அதுவரை வெளியே போவதென்றால் குரோய்டன் குடிவரவுக் கந்தோரில் பயண அனுமதிக்கு வரிசையில் நின்று, பிறகு தபாற்காரனைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். இப்போது கைப்பையில் சிவப்பு அட்டைப் புத்தகம் ஒன்று, தோளில் ஒரு பை, அவ்வளவுதான். தனியாக நான் போகும் முதற் பயணம். ரயில் வந்ததும் பையை இறுக்கிப் பிடித்துக்கொண்டு ஏறினேன்.

போகும் இடம் டென்மார்க்கின் தலைநகர் கொப்பன்ஹேகன். அங்கே என் தங்கை கௌசல்யா இருக்கிறாள். எண்பத்தாறில் நான் லண்டன் வந்த அதே வருடம் அவள் டென்மார்க் போனாள். ஒன்பது வருடமாகக் கடிதமும் தொலைபேசியும்தான். போன மாதம் தொலைபேசி எடுத்துச் சொன்னாள்: "அக்கா, நான் இப்ப டூர் கைட். ஆக்களை நடத்திக் கூட்டிக்கொண்டு போய், ஊர்ச் சாப்பாடெல்லாம் வாங்கிக் குடுத்து, அதின்ர கதை சொல்ல வேணும். வாற மாதம் ஒரு சனிக்கிழமைதான் முதல் நடை. வாறியளோ?"

அடுத்த நாளே பயணச்சீட்டு எடுத்தேன்.

லிவர்பூல் ஸ்ட்ரீட்டில் மாறி, எழுபது மைல் தள்ளியிருக்கும் ஹார்விச் துறைமுகத்துக்குப் போனேன். பின்னேரம் கப்பல் கிளம்பியது. டென்மார்க்கின் மேற்குக் கரையிலுள்ள எஸ்பியருக்கு இருபது மணித்தியாலக் கடல். சாப்பாட்டுக் கூடத்தில் என் மேசைக்கு எதிரே ஒரு டேனிஷ் லொறிச் சாரதி அமர்ந்தார். எதற்குப் போகிறாய் என்று கேட்டார்.

"சாப்பிட" என்றேன்.

சிரித்துவிட்டு, விரலை மடக்கிப் பாடம் எடுத்தார். பாண் துண்டின்மேல் மீனோ இறைச்சியோ அடுக்கித் தருவார்கள். அதைக் கையால் தூக்கக் கூடாது, கத்தியும் முள்ளுக்கரண்டியும் வேண்டும். எப்போதும் முதலில் ஹெரிங் மீன். மற்றதெல்லாம் அதற்குப் பிறகுதான். "ஹெரிங்கைக் கடைசியில் சாப்பிட்டால் உன்னை வெளிநாட்டுக்காரி என்று கண்டுபிடித்துவிடுவார்கள்" என்றார் அவர், என் முகத்தைப் பார்த்து மிகத் தீவிரமாக.

வெள்ளி மதியம் எஸ்பியரில் இறங்கி ரயில் ஏறினேன். ஐந்து மணித்தியால ஓட்டம். நடுவில் ஓர் அதிசயம் நடந்தது. கடல் குறுக்கிட்ட இடத்தில் ரயில் நிற்கவில்லை. தண்டவாளம் நேராகக் கப்பலுக்குள் போக, பெட்டிகளும் நாங்களும் அப்படியே உள்ளே போனோம். கப்பலின் வயிற்றில் ரயில், ரயிலின் வயிற்றில் நான். படியேறி மேற்தளத்துக்குப் போய், காற்றில் தலைமயிர் பறக்க, சின்னப்பிள்ளை மாதிரி நின்று பார்த்தேன்.

மாலை ஏழு மணி. வெயில் இன்னும் மதியம்போல் அடித்தது. கொப்பன்ஹேகன் மேடையில் தலைமயிரைத் தோள்வரை வெட்டிய ஒரு பெண் ஓடி வந்தாள். பின்னல் போட்ட கௌசியைத் தேடிக்கொண்டிருந்த என் கண், அவள் என்னைக் கட்டிப்பிடித்த பிறகுதான் அவளை அடையாளம் கண்டது.

நோரபுரோ என்ற பகுதியில், மூன்றாம் மாடியில் அவள் வீடு. தேநீர் ஊற்றியபடியே விஷயத்தைச் சொன்னாள்.

"அக்கா, நாளைக்கு நீங்கள் என்னைத் தெரியாத மாதிரி நிக்க வேணும். ஏலுமோ?"

"ஏன்?"

"என்ர மனேஜர் பிர்கிட் பின்னால நடந்து வருவா. என்னை வைச்சிருக்கிறதோ விடுறதோ எண்டு நாளைக்குத்தான் முடிவு. சொந்தக்காரரைக் கூட்டி வந்திட்டாள் எண்டு நினைக்கக் கூடாது."

"ஓம், ஏலும்" என்றேன். பிறகு அவள் தன் பேச்சு முழுவதையும் எனக்கு ஆங்கிலத்தில் ஒப்புவித்தாள். மூன்று தடவை. எனக்கே பாடமாகிவிட்டது.

சனி காலை பத்து மணி. நோர்போர்ட் நிலையத்துக்கு அருகே மரக்கறிச் சந்தைச் சதுக்கம். நூற்றைம்பது குரோனர், ஏறக்குறைய பதினேழு பவுண், கொடுத்து முறைப்படி சீட்டு வாங்கினேன். என்னைத் தவிர இன்னும் பதினொரு பேர். பிர்கிட் என்ற அந்த மனேஜர் ஐம்பது வயதுக்காரி, நெட்டை, கையில் சிறு நோட்டுப் புத்தகம். இங்கிலாந்தின் யோர்க்ஷயரிலிருந்து மனைவியோடு வந்த ஹரல்ட் என்ற முதியவர் கௌசியைப் பார்த்தார், பிறகு எல்லோருக்கும் கேட்கும்படி மனைவியிடம் சொன்னார்:

"இவளா வழிகாட்டி? ஒரு டேனிஷ் பிள்ளை வரும் என்றல்லவா நினைத்தேன்."

அவர் பார்வை என்மீதும் விழுந்து நகர்ந்தது. கௌசிக்குக் கேட்டது. ஆனாலும் அவள் கையை உயர்த்தி, "வாருங்கள்" என்று முன்னால் நடந்தாள்.

முதல் நிறுத்தம் ஒரு பேக்கரி. வெண்ணெய் மணம் தெருமுனையிலேயே வந்து இழுத்தது. மடிப்பு மடிப்பாக உதிரும் பணிஸ் ஆளுக்கொன்று தந்தார்கள். லண்டனில் இதை டேனிஷ் என்கிறோம். டென்மார்க்கிலோ இதற்கு வேறு ஊரின் பெயர். ஒரு காலத்தில் இவ்வூர் பேக்கரித் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்ய, முதலாளிமார் வெளியூரிலிருந்து ஆட்களை இறக்கினார்களாம். எந்த ஊரிலிருந்து என்று சொல்ல வேண்டிய இடத்தில் கௌசியின் பேச்சு நின்றது. ஒரு விநாடி, இரண்டு விநாடி. என் உதடு தானாக அசைந்தது: வியன்னா, வியன்னா.

"வியன்னா" என்றாள் கடைசியில். "அதனால் இதற்கு வியன்னாப் பாண் என்று பெயர்." குரல் இறங்கியிருந்தது. எனக்குப் பக்கவாட்டில் நின்ற பிர்கிட் ஏதோ எழுதினாள்.

அடுத்த கடையில் கருங்கல்லைப்போல் கனத்த, ரை என்ற தானியத்தின் மாவில் சுட்ட பாண். புளிப்பு நாக்கில் ஏறியது, மெல்ல மெல்ல இனித்தது. கௌசி இரண்டு முழுப் பாண் வாங்கிப் பைக்குள் வைத்தாள், மதியத்துக்கு மேலதிகமாக என்று. அதற்குப் பிறகு தெருவோர வண்டியில் சிவப்புச் சாயம் பூசிய சொசேஜ். நான் பன்றி சாப்பிடுவதில்லை. பாணையும் மொறுமொறு வெங்காயத்தையும் ஊறுகாய் வெள்ளரிக்காயையும் மட்டும் வாங்கி ரசித்துத் தின்றேன். கௌசியின் குரல் நிமிர்ந்துகொண்டு வந்தது. ஒரு தடவை எல்லோரும் சிரித்தார்கள், ஹரல்டைத் தவிர.

பன்னிரண்டரை மணிக்குக் கால்வாய்க் கரைக்கு வந்தோம். பழைய மீன் சந்தை இருந்த இடம். தலையில் துணி கட்டிய மீன்காரி ஒருத்தி அங்கே கற்சிலையாக நிற்கிறாள். பக்கத்துச் சந்தில் ஒரு நிலவறை உணவகத்தில் எங்களுக்கு ஹெரிங் விருந்து ஏற்பாடாகியிருந்தது. படியிறங்கிய கௌசி அப்படியே நின்றாள். கதவு பூட்டியிருந்தது. தண்ணீர்க் குழாய் வெடித்துவிட்டதால் இன்று மூடியிருக்கிறோம் என்று ஒரு துண்டுக் கடதாசி.

"நல்லது. இதற்குத்தான் காசு கொடுத்தோமா?" என்றார் ஹரல்ட்.

பிர்கிட் கையைக் கட்டிக்கொண்டு நின்றாள். உதவ வரவில்லை. கௌசி அந்தத் துண்டுக் கடதாசியையே பார்த்துக்கொண்டிருந்தாள். போய் அவள் தோளைப் பிடிக்க வேண்டும்போல் எனக்கு இருந்தது. தெரியாதவளாக நின்றேன்.

திடீரென்று அவள் திரும்பினாள். "எல்லோரும் என்னோடு வாருங்கள்."

ஐம்பது யார் தள்ளி ஒரு மீன் கடை. கடைக்காரர் மலைபோல் ஒரு மனிதர். கௌசி அவரிடம் டேனிஷில் படபடவென்று பேசினாள். அவர் மறுத்தார். அவள் விடவில்லை. அவர் சிரித்து, ஒரு பலகையையும் கத்தியையும் நீட்டினார். பனிக்கட்டியிலிருந்து ஒரு ஹெரிங்கைத் தூக்கிக் கௌசி பலகையில் வைத்தாள். தலை போனது, குடல் போனது, கத்தி ஒரே இழுப்பில் முதுகெலும்போடு ஓடியது. மீன் இரண்டு வெள்ளித் துண்டுகளாக மலர்ந்தது. நாலு விநாடிகூட இல்லை.

"நான் இந்த நாட்டுக்கு வந்தபோது எனக்குத் தெரிந்த டேனிஷ் சொல் ஒன்றே ஒன்று" என்றாள் ஆங்கிலத்தில், அடுத்த மீனை எடுத்தபடி. "ஹெரிங் என்பதற்கான சொல். நாலு வருடம், ஒரு நாளைக்கு எட்டு மணித்தியாலம், றப்பர் சப்பாத்தோடு மீன் தொழிற்சாலையில் நின்று இதை வெட்டினேன். மொழி படித்ததும் அங்கேதான், பக்கத்தில் நின்று வெட்டிய பெண்களிடம். ஹெரிங்கைப் பற்றி என்ன வேண்டுமானாலும் கேளுங்கள்."

எனக்கு எழுதிய கடிதங்களில் அவள் ஒரு கந்தோரில் வேலை செய்தாள். சூடான அறை, ஜன்னலோர மேசை என்றுகூட எழுதியிருந்தாள். அந்த நாலு வருடத்தையும் முன்பின் தெரியாத பதினொரு பேர் நடுவில் நின்றுதான் நான் அறிந்தேன். முகத்தில் எதையும் காட்டக் கூடாது.

கேள்விகள் வந்தன. விரல் வெட்டுப்பட்டதா? பட்டது, பாருங்கள். மணம் போகுமா? எலுமிச்சை தேய்த்தால் பாதி போகும். ஹரல்ட் முன்னால் வந்தார். "நான் ஒன்று வெட்டிப் பார்க்கலாமா?" கௌசி அவர் கைமேல் தன் கையை வைத்துக் கத்தியின் சாய்வைக் காட்டினாள். அவர் வெட்டிய மீன் கந்தலாகியது. எல்லோரிலும் அதிகமாகச் சிரித்தவர் அவர்தான்.

கடைக்காரர் துண்டுகளை ரை மாவில் புரட்டி வெண்ணெயில் பொரித்தார். கௌசி பைக்குள்ளிருந்த பாணை வெட்டினாள். கால்வாய்க் கரைக் கல்லில் வரிசையாக உட்கார்ந்தோம். முதலில் கடையில் வினிகரில் ஊறிக்கிடந்த ஹெரிங், பச்சையாக, வெங்காய வளையத்தோடு. மூச்சைப் பிடித்துக்கொண்டு வாயில் வைத்தேன். குளிர்ச்சி, இனிப்பு, புளிப்பு, பிறகு கடல். நல்லாயிருந்தது! பிறகு பொரித்தது, விரலைச் சுட்டது, கத்தியும் முள்ளுக்கரண்டியும் இல்லாமல் கையாலேயே தின்றோம். சுற்றிவரத் தண்ணீர் மினுங்கியது. கௌசி தட்டோடு ஒவ்வொருவரிடமாக வந்தாள். என்னிடம் வந்து குனிந்தாள்.

"அக்கா, இன்னொண்டு?"

சொன்ன பிறகுதான் கையால் வாயைப் பொத்தினாள்.

பிர்கிட் எழுந்து வந்தாள். "என்ன மொழி அது?"

"தமிழ்" என்றாள் கௌசி. "இவர் என் மூத்த சகோதரி. ஒன்பது வருடத்துக்குப் பிறகு நேற்றுத்தான் கண்டேன்."

பிர்கிட் என்னைப் பார்த்தாள். "பேக்கரியில் அவள் மறந்தபோது உங்கள் உதடு வியன்னா என்றது. அப்போதே தெரியும்." கௌசியின் பக்கம் திரும்பினாள். "அடுத்த சனிக்கிழமை பத்து மணி. அந்த நிலவறை வேண்டாம். இனிமேல் மீன் கடைதான்."

ஹரல்ட் தன்னிடமிருந்த நகர வரைபடத்தை நீட்டி, அந்தக் கடை எங்கே என்று குறித்துத் தரும்படி கௌசியிடம் கேட்டார். காலையில் சொன்னதைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. ஆனால் நன்றி சொன்னபோது தொப்பியைக் கழற்றினார்.

மூன்று மணிக்கு எல்லோரும் பிரிந்தபின் நாங்கள் இருவர் மட்டும் கரையில் இருந்தோம்.

"ஏனடி எனக்கு எழுதேல்லை?"

"நீங்கள் அழுவியள் எண்டுதான். கிளினிக்கில வேலை, எல்லாம் நல்லம் எண்டு நீங்கள் எழுதேக்க, நான் மீன் வெட்டுறன் எண்டு எப்பிடி எழுதுறது?"

எனக்குச் சிரிப்பும் வந்தது, கண்ணும் நிறைந்தது. "கௌசி, இப்ப நான் கிளினிக்கில றிசெப்ஷனிஸ்ற்தான். முதல் மூண்டு வருஷம் அங்க நிலம் துடைச்சனான்."

அவள் என்னை வெறித்துப் பார்த்தாள். பிறகு இருவருமே சிரிக்கத் தொடங்கினோம். வழியில் போன சைக்கிள்காரர் ஒருவர் எங்களைப் பார்த்து, காரணம் தெரியாமலே சிரித்துக்கொண்டு போனார்.

திங்கட்கிழமை கிளம்பி, செவ்வாய் மாலை லிவர்பூல் ஸ்ட்ரீட்டில் குட்மேய்ஸ் ரயிலில் உட்கார்ந்தேன். ஸ்ட்ராட்ஃபோர்ட், ஃபொரஸ்ட் கேட், மேனர் பார்க். ஒன்பது வருடமாக இந்தப் பெயர்களைக் கண்ணை மூடிக்கொண்டு சொல்வேன். ஆனால் வீடு, கிளினிக், தமிழ்க் கடை, கோயில் என்ற நாலு இடத்துக்கு வெளியே இந்த நகரத்தில் நான் இறங்கியதில்லை. கொப்பன்ஹேகனில் யார் என்ன தின்கிறார்கள், ஏன் தின்கிறார்கள் என்று எனக்கு இப்போது தெரியும். லண்டனில் தெரியாது.

அடுத்த சனிக்கிழமை பத்து மணிக்குக் கௌசி தன் இரண்டாவது கூட்டத்தோடு நடந்துகொண்டிருந்த நேரம், நான் குகனை இழுத்துக்கொண்டு மேனர் பார்க்கில் இறங்கினேன். லண்டன்காரரின் பழைய ஊர்ச் சாப்பாடு எங்கே கிடைக்கும் என்று விசாரித்து விசாரித்து, சுவரில் வெள்ளை ஓடு பதித்த ஒரு பழைய கடையைக் கண்டுபிடித்தோம். கடை திறந்ததும் முதல் ஆட்கள் நாங்கள்தான். அவித்த விலாங்கு மீனும் மசித்த உருளைக்கிழங்கும், மேலே பச்சை நிறக் குழம்பும், தட்டு இரண்டு பவுண் நாற்பது.

குகன் கரண்டியைப் பிடித்தபடி தட்டைப் பார்த்தார். "பாம்பு மாதிரிக் கிடக்கு. இதை எப்பிடிச் சாப்பிடுறது?"

"எனக்கும் தெரியாது. பொறுங்கோ, கேப்பம்."

எழுந்து கவுண்டரில் நின்ற பெண்ணிடம் போனேன். லண்டனில் நான் இருக்கும் இத்தனை வருடத்தில், என் சாப்பாட்டைப் பற்றி மற்றவர்கள் கேட்டிருக்கிறார்கள். அவர்கள் சாப்பாட்டைப் பற்றி நான் கேட்கப் போவது இதுதான் முதல் தடவை.

"எங்களுக்குக் கொஞ்சம் சொல்லித் தருவீர்களா?" என்றேன்.

அவள் கையைத் துடைத்துக்கொண்டு, கவுண்டரைச் சுற்றி வெளியே வந்தாள்.