கப்பில் விட்டுப்போன பிரஷ்

என் அண்ணனுக்குப் போலீஸில் 'பிரஷ்காரர்' என்று பெயர். பெயிண்டர் என்று நினைத்துவிடாதீர்கள், துப்பறிகிறவர். பிள்ளை காணாமல் போன வீட்டுக்குள் நுழைந்ததும், அழுகிறவர்களைத் தாண்டி நேராகக் குளியலறைக்குப் போவார். பிள்ளையின் பல் பிரஷ் இல்லையென்றால், "பாசமுள்ளவங்கதான் கூட்டிட்டுப் போயிருக்காங்க. சொந்தக்காரங்களை விசாரிங்க" என்பார். இருந்தால் முகம் சுருங்கிவிடும். இந்தக் கணக்கை வைத்து எத்தனையோ பிள்ளைகளைக் கண்டுபிடித்தார். ஒரு சிறுமி மட்டும் கிடைக்கவில்லை.

தாயில்லாப் பெண். குடிகாரத் தகப்பன். பிரஷ் கப்பிலேயே இருந்ததால் சொந்தக்காரர்கள் பக்கம் அண்ணன் திரும்பவே இல்லை. எங்காவது ஒரு பெண்பிள்ளையின் பிணம் கிடைத்தது என்றால், சாப்பாட்டில் கை வைத்தவர் அப்படியே எழுந்து ஓடுவார். பிணவறையில் துணியை விலக்கிப் பார்த்துவிட்டு வந்து வாந்தி எடுப்பார். தலையைப் பிடித்துக்கொள்வது அண்ணி. "விடுங்க, அந்தப் பிள்ளை எங்கேயாவது நல்லா இருக்கும்" என்பார். ஆகா, என்ன பொறுமை என்று நானே மெச்சியிருக்கிறேன். என் புத்தியைச் செருப்பால் அடிக்க வேண்டும்!

ஓய்வு பெற்ற பிறகும் அவர் தேடுவதை விடவில்லை. போன மாதம் நான் அங்கே இருந்தபோது ஒரு பெண்ணும் அவள் சித்தியும் கல்யாணத்துக்கு அழைக்க வந்தார்கள். பெண் ஓடிப்போய் அண்ணியைக் கட்டிக்கொண்டாள். சித்தி அண்ணனைக் கும்பிட்டாள்.

"சார், நீங்க தேடின பிள்ளை இவதான். அவ அப்பன் செத்துட்டான், இனி பயமில்ல. அன்னிக்கு இவளைக் கூட்டிட்டு உங்ககிட்ட முறையிட வந்தேன், நீங்க இல்ல. 'ஊரை விட்டுப் போயிடு, பிரஷ்ஷை மட்டும் எடுக்காதே, புதுசா வாங்கிக்கோ'ன்னு இந்த அக்காதான் சொன்னாங்க. உங்களுக்குத் தெரியும்தானே?"

அண்ணன் தலையாட்டினார். அவர்கள் போகும்வரை சிரித்த முகமாகவே இருந்தார்.

"என்னை நம்பலையா நீ?"

"நம்பினேங்க. கண்டுபிடிச்சிடுவீங்கன்னு நம்பினேன். சட்டம்னு அப்பன்கிட்டயே விட்டிருப்பீங்க. அந்தப் பிள்ளை முதுகெல்லாம் சூடு போட்ட தழும்பு."

"சரி. ஒவ்வொரு பிணமா பார்த்துட்டு வந்தேனே, அப்பவாவது சொல்லியிருக்கலாமே?"

அண்ணி காபி டம்ளர்களை எடுத்துக்கொண்டு உள்ளே போனார்.

வெண்ணெயைக் கையில் வைத்துக்கொண்டு நெய்க்கு அலைந்த கதைதான். பிள்ளை பிழைத்தது, சந்தோஷம். அதற்காக என்னிடம் யாரும் நியாயம் பேச வராதீர்கள். கூடவே இருந்து குழி பறித்தது பறித்ததுதான்.

மறுநாள் காலை அண்ணன் என் வீட்டு வாசலில் நின்றார். கையில் பையில்லை. "சும்மாதான்டா வந்தேன்" என்றார். அவர் உட்காருவதற்குள் அண்ணியின் போன்.

"தம்பி, அவர் அங்கேதானே இருக்கார்? துணிமணி எதுவும் எடுக்கலை. கோவம் தணிஞ்சா சாயங்காலம் வந்துடுவார், இல்ல?"

அண்ணனின் சட்டைப் பையைப் பார்த்தேன். பிரஷ் நீட்டிக்கொண்டிருந்தது.

"கப்புல பாருங்க அண்ணி."

அவர் குளியலறைக்கு நடந்து போவது போனில் கேட்டது. பிறகு அழுகைச் சத்தம்.