பத்தாண்டில் பாதிக் கடன்

பொருளாதாரத்தில் பட்டம் பெற்று, திருவள்ளூரில் ஒரு வீட்டு வசதிச் சங்கத்தில் கணக்கராகச் சேர்ந்தபோது எனக்கு இருபத்து மூன்று வயது. அறுபதுகளின் நடுப்பகுதி அது. மணவாள நகரில் மனைகள் பிரிக்கப்பட்டு, ஆவடிக்கும் அம்பத்தூருக்கும் காலை ரயிலில் ஆலை வேலைக்குப் போய்வந்தவர்கள் தங்களுக்கென்று வீடு கட்டத் தொடங்கியிருந்தார்கள். தொழிலாளி ஒருவர் சொந்தக் கூரையின் கீழ் உறங்குவதைக் காட்டிலும் பெரிய சமூக மாற்றம் இல்லை என்று நான் உறுதியாக நம்பினேன். இன்றும் அந்த நம்பிக்கை மாறவில்லை. அதற்கு அவர் உண்மையில் என்ன விலை கொடுக்கிறார் என்பதைத்தான் தாமதமாகக் கற்றுக்கொண்டேன்.

முதல் கடன் வழங்கிய நாளில், பள்ளிக்கூடக் கட்டடம் ஒன்றில் உறுப்பினர்களைக் கூட்டி விதிகளைப் படித்துக் காட்டினோம். எண்ணாயிரம் ரூபாய்க் கடன், ஆறரை சதவீத வட்டி, இருபது ஆண்டு. மாதத் தவணை ஐம்பத்தொன்பது ரூபாய் அறுபத்தைந்து காசு. எங்களிடம் இருந்த அச்சிட்ட அட்டவணையில் மாதத் தவணைக்கு மட்டுமே இடம் இருந்தது. இருபது ஆண்டு முடிவில் மொத்தம் எவ்வளவு ஆகும் என்பதற்கு அதில் கட்டமே இல்லை. கேட்டவர்களும் இல்லை. மாதச் சம்பளத்தில் அறுபது ரூபாயை ஒதுக்க முடியுமா என்பதுதான் எல்லோருடைய மனத்திலும் ஓடிய கணக்கு.

இரண்டாவது பெஞ்சில் இருந்த லேத் தொழிலாளி ஒருவர் மட்டும் எழுந்தார். பக்கத்தில் அவருடைய மனைவி.

"சார், இருபது வருசம்னா, பத்து வருசத்துல பாதிக் கடன் கய்ஞ்சிடும் இல்ல?"

நான் தலையசைத்தேன். தேநீர் வந்துகொண்டிருந்தது. அறுபது பேர் காத்திருந்தார்கள். கூட்டு வட்டியைப் பற்றிக் கல்லூரித் தேர்வில் நான்கு பக்கம் எழுதியவன் நான். ஆனாலும் அந்தக் கேள்வி தேர்வுத்தாளிலிருந்து எழுந்து வந்ததுபோல் எனக்குத் தோன்றவில்லை. ஒரு நல்ல மனிதரின் நியாயமான எதிர்பார்ப்பாகத் தோன்றியது. அதனால்தான் தலையசைத்தேன்.

அந்தக் குடும்பம் தவணை தவறாத குடும்பம். அந்த அம்மாவின் பிறந்த வீடு பள்ளிப்பட்டுப் பக்கத்தில் நெல் விளையும் கிராமம். ஒவ்வொரு தைமாதமும் அங்கிருந்து வண்டியில் நெல் மூட்டைகள் வந்து இறங்கும். வீட்டுத் தேவைக்குப் போக மீதியை விற்று, பொங்கல் கழிந்த வாரத்தில் அந்த மாதத் தவணையுடன் இன்னும் இரண்டு தவணைத் தொகையைச் சேர்த்துக் கட்டுவார்கள். கையில் பணம் புரளும் மாதத்தில் கூடுதலாகக் கட்டிவிடுவது விவசாயக் குடும்பங்களின் பழக்கம். எங்கள் உறுப்பினர்களில் இன்னும் பலரும் அப்படியே செய்தார்கள். வந்த தொகையை நான் பேரேட்டில் 'முன்தவணை' என்ற பத்தியில் எழுதி வைத்தேன். அச்சிட்ட பேரேட்டில் அதற்கு அந்தப் பத்திதான் இருந்தது.

ஆண்டுகள் போயின. எழுபதுகளின் நடுவில் கும்மிடிப்பூண்டியில் புதிய ஆலைகள் எழும்பிக்கொண்டிருந்தன. அங்கே ஓர் ஆலையில் அந்த லேத் தொழிலாளிக்கு மேஸ்திரி வேலை கிடைத்தது. சம்பளம் ஏறக்குறைய ஒன்றரை மடங்கு. ஆனால் திருவள்ளூரிலிருந்து கும்மிடிப்பூண்டிக்குப் போக வேண்டுமானால் சென்னைப் பட்டணம் போய் வேறு ரயில் ஏற வேண்டும். நாளில் ஆறு மணி நேரம் தண்டவாளத்திலேயே கழிந்துவிடும். எனவே மீஞ்சூரில் வாடகைக்கு வீடு பார்த்து அங்கே குடிபோவது, மணவாள நகர் வீட்டை வாடகைக்கு விட்டு அந்த வாடகையை மீஞ்சூருக்குக் கொடுப்பது என்று முடிவு செய்திருந்தார்கள். நல்ல திட்டம்தான். ஒரே ஒரு தடை இருந்தது. கடன் தீரும்வரை வீட்டை வாடகைக்கு விடக்கூடாது என்பது சங்கத்தின் விதி.

தை நடுவில் ஒரு திங்கட்கிழமை இருவரும் சங்கத்துக்கு வந்தார்கள். அவர் பழைய ஆலையை விட்டு விலகி, வருங்கால வைப்பு நிதியையும் வாங்கிவிட்டிருந்தார். மூவாயிரத்துத் தொள்ளாயிரம் ரூபாய். மாசி முதல் தேதி புதிய ஆலையில் சேர வேண்டும். அவர்கள் போட்டு வைத்திருந்த கணக்கை அந்த அம்மாவே எனக்குச் சொன்னார். பத்து வருடத்தில் பாதி கழிந்து நாலாயிரம். பொங்கலுக்குப் பொங்கல் கட்டிய இருபது தவணை ஆயிரத்து நூற்றுத் தொண்ணூற்று மூன்று. மீதி இரண்டாயிரத்து எண்ணூற்றுச் சொச்சம். அதைக் கட்டிவிட்டுப் பத்திரத்தை வாங்கிக்கொண்டால் மீஞ்சூர் முன்பணத்துக்கும், மகளின் பள்ளிக்கூடச் செலவுக்கும், சாமான் ஏற்றிச் செல்லும் லாரிக்கும் ஆயிரம் ரூபாய்க்கு மேல் நிற்கும்.

பேரேட்டைப் பிரித்து நிலுவையைப் பார்த்தேன். அசலில் நிற்பது ஐயாயிரத்து இருநூற்று ஐம்பத்து மூன்று. முன்தவணையைக் கழித்தாலும் நாலாயிரத்து அறுபது. கையிலிருந்த மொத்தப் பணமும் போதாது.

நான் சொன்னதைக் கேட்டதும் அவர் கைப்பையின் வாயைத் திறந்து மூடினார். அந்த அம்மாதான் பேசினார்.

"லேத்துல ஒரு நூல் அளவு தப்பினா கண்டுபுடிச்சிடுவாரு சார் இவுரு. ஊட்டுக் கணக்குல ஆயிரத்தையே தப்ப வுட்டுக்கினு வந்து நிக்கறாரு பாருங்க."

"நானா கணக்கு சொன்னேன்?" என்றார் அவர். "பாதி கய்ஞ்சிடுமான்னு கேட்டேன். பி.ஏ. படிச்ச சாரு தலையாட்னாரு."

பத்து ஆண்டுகளுக்கு முந்தைய அந்தத் தலையசைப்பை அவர் நினைவில் வைத்திருந்தார். அதை நம்பித்தான் இருந்த வேலையை விட்டிருந்தார். ஒரு தாளை எடுத்து முதல் மாதத் தவணையைப் பிரித்துக் காட்டினேன். ஐம்பத்தொன்பது ரூபாய் அறுபத்தைந்து காசில் நாற்பத்து மூன்று ரூபாய் முப்பத்து மூன்று காசு வட்டிக்கே போய்விட்டது. அசலில் குறைந்தது பதினாறு ரூபாய் முப்பத்திரண்டு காசு மட்டும். அசல் பெரிதாக இருக்கும்வரை வட்டியும் பெரிதாக இருக்கும். முதல் பாதி ஆண்டுகளில் கடனாளி பெரும்பாலும் வட்டியைத்தான் கட்டுகிறார். கடன் வேகமாகக் குறைவது கடைசி ஆண்டுகளில்தான். அட்டவணைப்படி இருபது ஆண்டும் கட்டினால் எண்ணாயிரத்துக்குப் பதினாலாயிரத்து முந்நூற்றுக்கு மேல் ஆகிறது. இதை அன்றைக்கே சொல்லியிருக்க வேண்டும் என்றும் சொன்னேன்.

அந்த அம்மா வட்டியைப் பற்றி மேற்கொண்டு கேட்கவில்லை. அவர் கேட்டது வேறு.

"தையில கூடுதலா கட்ன பணத்துக்கு இன்னா ஆச்சு? அசல் கொறஞ்சா வட்டி கொறயும்னு நீங்களே இப்பச் சொன்னீங்க. அது ஏன் கொறயில?"

பின்னால் வரும் தவணைகளுக்கு என்று முன்தவணையாகத் தனியே வைத்திருக்கிறோம் என்றேன்.

"வச்சிருக்க யாரு சொன்னா? கடன்ல கழிங்கன்னு வருசா வருசம் எய்திக் குடுத்தோமே. வாயால சொன்னா மறந்துடுவாங்க, எய்திக் குடுத்துட்டு வான்னு நான்தான் இவுர அனுப்புவேன்."

பழைய சலான்களைக் கட்டு கட்டாகப் பரணில் வைத்திருந்தோம். அவற்றை இறக்கித் தேடினேன். பத்துப் பொங்கலுக்கும் பத்துச் சலான் கிடைத்தன. ஒவ்வொன்றின் கீழ் ஓரத்திலும் பென்சிலில், லேத் பட்டறையில் அளவு குறிக்கும் சிறிய எழுத்தில், 'கடனில் கழிக்கவும்' என்று எழுதியிருந்தது. ஒவ்வொன்றிலும் என் சுருக்கொப்பம் இருந்தது. படிக்காமல் ஒப்பமிட்டிருக்கிறேன். தொகையைப் பார்த்திருக்கிறேன், முத்திரையைப் பார்த்திருக்கிறேன், அந்த வரியைப் பார்க்கவில்லை. விதிப் புத்தகத்தைப் புரட்டினேன். உறுப்பினர் எழுத்து மூலம் கேட்டால் கூடுதல் தொகையை அசலில் கழிக்க வேண்டும் என்று தெளிவாகவே இருந்தது.

அவர்களுக்கு அந்தப் பணம் பத்து ஆண்டு சும்மா கிடந்தது. சங்கத்துக்கு அது சும்மா கிடக்கவில்லை. அதை வேறு உறுப்பினர்களுக்குக் கடன் கொடுத்து வட்டி வாங்கியிருந்தோம்.

செயலாளர் என்னைவிட இருபது வயது மூத்தவர். நேர்மையானவர், தணிக்கையாளரை நினைத்தாலே வியர்ப்பவர். பத்து வருடக் கணக்கைப் பிரித்தால் தணிக்கையாளர் நம் இருவரையும் பிரித்துப்போடுவார் என்றார். முன்தவணையை அப்படியே கழித்துக்கொண்டு, பற்றாத பணத்துக்கு அவர்கள் வெளியே கைமாற்று வாங்கட்டும் என்பது அவர் யோசனை. வெளியே கைமாற்று என்றால் மாதம் நூற்றுக்கு மூன்று ரூபாய் வட்டி என்பது அவருக்கும் தெரியும். நான் வாதாடவில்லை. இரண்டு நாள் மதிய இடைவேளையிலும் ஒரு முழு ஞாயிற்றுக்கிழமையும் உட்கார்ந்து, அந்தந்தப் பொங்கல் தொகையை அந்தந்தத் தேதியிலேயே அசலில் கழித்து, நூற்றிருபது மாதத்துக்கும் கணக்கைப் புதிதாகப் போட்டேன். நிலுவை மூவாயிரத்து அறுநூற்று இருபத்தெட்டு ரூபாய் வந்தது. கூட்டியும் கழித்தும் மூன்று முறை சரிபார்த்தேன். அதனுடன், உறுப்பினரின் எழுத்து மூல வேண்டுகோளைப் பத்து முறை கவனிக்கத் தவறியவன் நான்தான் என்று ஒரு கடிதமும் எழுதி நிர்வாகக் குழுவின் முன் வைத்தேன். செயலாளரின் மேல் பழி வராது என்று அந்தக் கடிதம் உறுதி செய்தது. அதன்பின் அவரே விதிப் புத்தகத்தைக் குழுவுக்கு வாசித்துக் காட்டினார்.

குழு ஏற்றுக்கொண்டது. எனக்கு விளக்கம் கேட்டு ஒரு மெமோ வந்தது. என் பணிப் பதிவேட்டில் இருக்கும் ஒரே மெமோ அதுதான். அது இருக்க வேண்டிய இடத்தில் இருக்கிறது என்றே நினைக்கிறேன்.

மாசி பிறக்க நான்கு நாள் இருக்கும்போது அவர்கள் பணம் கட்டினார்கள். மூவாயிரத்துத் தொள்ளாயிரத்தில் மிஞ்சியது இருநூற்று எழுபத்திரண்டு ரூபாய். ஆயிரத்துக்கு மேல் மிஞ்சும் என்று வந்தவர்களுக்கு அவ்வளவுதான். என் தலையசைப்புக்கான விலையை எந்த விதியாலும் திருப்பித் தர முடியவில்லை. மீஞ்சூரில் இரண்டு அறை வீட்டுக்குப் பதில் ஓர் அறை வீட்டைப் பார்த்துக்கொள்வதாக அவர் சொன்னார்.

இரும்பு அலமாரியிலிருந்து எடுத்த பத்திரத்தைக் கையில் வாங்கியதும் அந்த அம்மா, இந்த வீட்டுக்கு இதுவரை மொத்தம் எவ்வளவு கொடுத்திருக்கிறோம் என்று எழுதித் தரச் சொன்னார். பத்தாண்டுத் தவணை, பொங்கல் பணம், இன்றைய தொகை எல்லாவற்றையும் கூட்டினேன். பதினோராயிரத்துத் தொள்ளாயிரத்து எழுபத்தொன்பது.

"எட்டாயிரத்துக்குப் பன்னெண்டாயிரம்" என்றார் கணவர் மெல்ல.

அந்த அம்மா விரல் மடக்கிக் கொஞ்ச நேரம் கணக்குப் பார்த்தார்.

"இங்க வர்றதுக்கு முன்னாடி முப்பது ரூவா வாடகையில இருந்தோம். அதே வாடகையா வச்சாலும் பத்து வருசத்துக்கு மூவாயிரத்து அறநூறு. அதுக்குக் கொஞ்சம் மேலதான் வட்டின்னு கட்டியிருக்கோம். துட்டுக்கும் வாடகை உண்டு, அவ்ளோதான். எங்க நைனா நெல்லு இல்லன்னா இன்னும் பத்து வருசம் கட்டிக்கினு இருந்திருப்போம். இந்தாங்க, இந்தத் தாள்லயும் கையெய்த்து போடுங்க சார். படிச்சிட்டுப் போடுங்க."

படித்துவிட்டுப் போட்டேன்.

அந்த மாதமே ஒரு பக்கம் அச்சடித்து எல்லாக் கடன் பாஸ்புத்தகத்தின் முதல் பக்கத்திலும் ஒட்டினோம். வாங்கும் தொகை, இருபது ஆண்டில் கட்டப்போகும் மொத்தத் தொகை, பத்தாம் ஆண்டு முடிவில் நிற்கும் அசல். கீழே ஒரு வரி: கூடுதலாகக் கட்டும் பணம் அசலில் கழிய வேண்டுமானால் சலானில் அப்படி எழுதிக் கொடுக்கவும். பழைய உறுப்பினர்களை ஒவ்வொருவராக அழைத்து, முன்தவணையில் கிடந்த தொகையை அவர்கள் சம்மதத்துடன் அசலுக்கு மாற்றினோம். இதைப் படித்தால் யாரும் கடன் வாங்க மாட்டார்கள் என்று செயலாளர் அஞ்சினார். வாங்கினார்கள். பத்தாயிரம் கேட்டு வந்த சிலர் ஏழாயிரம் போதும் என்றார்கள். முதலில் ஓர் அறையும் சமையலறையும் கட்டிக்கொண்டு, மற்றதைப் பின்னால் பார்த்துக்கொள்வதாக மனையை அளந்துவிட்டுப் போனார்கள். ஒரு சங்கம் கொடுக்க வேண்டியது கடன் மட்டுமல்ல, கடனின் முழு அளவும்தான் என்று அப்போது தெளிந்தேன்.

அடுத்த ஆண்டு கும்மிடிப்பூண்டி ஆலையிலிருந்து மூன்று தொழிலாளிகள் ஒரு ஞாயிற்றுக்கிழமை என் வீட்டைத் தேடி வந்தார்கள். அங்கேயே வேறொரு சங்கத்தில் கடன் வாங்கப் போகிறார்களாம். கையெழுத்துப் போடும் முன் திருவள்ளூருக்குப் போய்க் கேட்டுவிட்டு வரச் சொன்னது மேஸ்திரியின் மனைவியாம். அவர்களில் ஒருவர் உட்காரும் முன்பே கேட்டார்.

"சார், இருபது வருசக் கடன்ல பத்து வருசத்துல பாதி கய்ஞ்சிடுமா?"

இல்லை என்றேன். ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்கு அப்படியே நிற்கும் என்று சொல்லி, அவர்களை உட்கார வைத்து ஒரு தாளை எடுத்தேன். மூவருக்கும் மூன்று கணக்கு. மதிய ரயிலை விட்டுவிட்டு மாலை ரயிலில் போனார்கள்.