இடது என்றால் இடது

என் சித்தப்பாவுக்குத் திமிர் என்று அருப்புக்கோட்டையில் இன்றைக்கும் சொல்கிறவர்கள் இருக்கிறார்கள். பல் போன பிறகும் அதைச் சொல்ல மட்டும் அவர்களுக்கு வாய் இருக்கிறது. ஆமாம், திமிர்தான். அந்தத் திமிரைக் கைக்கெட்டும் தூரத்தில் நின்று பார்த்தவள் நான். அப்போது எனக்கு எட்டு வயது.

நாங்கள் நெசவுத் தெருக்காரர்கள். வீட்டுக்குள் கன்னடம், வாசலைத் தாண்டினால் தமிழ். எங்கள் கன்னடம் மைசூரிலிருந்து வருகிறவர்களுக்கே பாதிதான் புரியும். எங்கள் குலதெய்வம் சௌடம்மன். அவளுக்குக் கன்னடம் மட்டும்தான் தெரியும் என்பது எங்கள் வீட்டு நம்பிக்கை. அதனால் பொய் சொல்ல வேண்டி வந்தால் தமிழில் சொல்லிக்கொள்ளலாம், அம்மன் காதில் விழாது. யுத்த காலம். நூலுக்குக் கண்ட்ரோல், தறிக் கணக்குப்படி கார்டுக்குத்தான் கிடைக்கும். கார்டில் எழுதியிருந்ததைவிட எங்கள் வீட்டில் தறி குறைவு என்பதால், அதிகாரி வரும்போதெல்லாம் அப்பா அடுக்களைக்குள் பதுங்கிக்கொண்டு, தான் பந்தல்குடிக்குப் போயிருப்பதாகச் சொல்லும்படி கன்னடத்தில் கிசுகிசுப்பார். நான் வாசலில் நின்று கண் இமைக்காமல் தமிழில் சொல்வேன். ஒரு தடவை, வெல்லத்தைத் தின்றுவிட்டுத் தின்னவில்லை என்று கன்னடத்தில் சொன்னதற்கு, அம்மா என் வாயிலேயே போட்டாள். அதன் பிறகு அந்தப் பக்கம் போகவே பயந்தேன்.

இந்தக் கன்னடத்தை வைத்துத்தான் சித்தப்பா கால்பந்து ஆடினார். எங்கள் தெருவிலிருந்து முதலில் காலேஜுக்குப் போனவர் அவர். மதுரையில் அவரைச் சேர்த்துக்கொண்டது மார்க்கைப் பார்த்து அல்ல, காலைப் பார்த்து. இண்டர்மீடியட் பரீட்சையில் இரண்டு முறை கோட்டடித்தார். மூன்றாம் வருஷமும் மாட்ச் இருந்ததால் மூன்றாம் வருஷமும் வைத்துக்கொண்டார்கள். காலேஜில் கொடுத்த பூட்ஸை ஆணியில் மாட்டிவிட்டு வெறுங்காலோடு இறங்குவார். பூட்ஸ் போட்டால் பந்து எங்கே இருக்கிறதென்று காலுக்குத் தெரியாது என்பார்.

அவர் கோல் போட்டு நான் கேள்விப்பட்டதில்லை. நடுவில் நின்று மற்றவர்களைப் போட வைப்பார். பந்து காலுக்கு வந்ததும், எந்தப் பக்கம் அடிக்கப் போகிறாரோ அதைக் கன்னடத்தில் கத்துவார். கூட ஆடுகிற தமிழ்ப் பிள்ளைகள் இடது, வலது, முன்னால், பின்னால் என்று நான்கு சொற்களை மட்டும் மனப்பாடம் செய்திருந்தார்கள். எதிராளி திருதிருவென்று விழித்து முடிப்பதற்குள் பந்து போய்ச் சேர்ந்திருக்கும். இதைப் பார்த்துவிட்டு ஒரு நூல் மில்லில் அவரைத் தங்கள் டீமுக்கு எடுத்தார்கள். பெயருக்குக் குமாஸ்தா, வேலை பந்தடிப்பது. ஆனால் தற்காலிகம்தான். நிரந்தரம் ஆக்குவது மானேஜர் கையில் இருந்தது.

அந்தக் கோடையில் மில் டீம் எங்கள் ஊருக்கே ஆட வந்தது, பெட்ரோல் பஞ்சத்தால் கரியில் ஓடுகிற ஒரு பஸ்ஸில், பாதி வழி இறங்கித் தள்ளிக்கொண்டு. எதிர்த்து ஆடியது எங்கள் தெரு டீம். மில்லிலிருந்து நூல் வராமல் தறிகள் சும்மா கிடந்ததால், எங்கள் தெரு இளவட்டங்கள் மூன்று மாதமாகப் பொழுது விடிந்து அடைகிறவரை பந்துதான் அடித்துக்கொண்டிருந்தார்கள். வற்றிப்போன கண்மாய்தான் மைதானம். ஊரே கரைமேல் உட்கார்ந்திருந்தது. இன்றைக்கு ஜெயித்தால் உத்தியோகம் நிரந்தரம் என்று மானேஜர் சொல்லியிருப்பதாகக் காலையில்தான் சித்தப்பா அம்மாவிடம் சொன்னார். அம்மா சௌடம்மனுக்கு மஞ்சள் துணியில் காசு முடிந்து வைத்தாள்.

முதல் பாதியில் கூத்தைப் பார்க்க வேண்டுமே. சித்தப்பா இடது என்று கன்னடத்தில் கத்தினால், அவருடைய ஆட்களுக்கு முன்னால் எங்கள் தெருப் பிள்ளைகள் இடப்பக்கம் போய் நின்றார்கள். வலது என்றால் வலப்பக்கம். கரையில் இருந்த கிழவிகள்கூடப் பந்து எங்கே வரும் என்று சொல்லிக்கொண்டிருந்தார்கள். எங்கள் தெரு ஒரு கோல் போட்டுவிட்டது.

இடைவேளையில் சொம்பில் மோர் கொண்டுபோனேன். மானேஜர் தாம்தூம் என்று குதித்துக்கொண்டிருந்தார். நான் சித்தப்பாவின் காதில் என் யோசனையைச் சொன்னேன். இடது என்று கத்திவிட்டு வலப்பக்கம் அடியுங்களேன்.

"பாப்பா என்னய்யா சொல்லுது?" என்றார் மானேஜர். சித்தப்பா மறைக்காமல் சொன்னார். மானேஜர் முகம் மலர்ந்துவிட்டது. "அதுக்கு இருக்கிற மூளை உனக்கு இல்லையே! அப்படியே செய்."

"முடியாது சார்."

"ஏன்?"

"அந்தப் பேச்சுல பொய் சொன்னதில்ல சார். இனியும் சொல்ல மாட்டேன்."

"உத்தியோகம் வேணுமா வேண்டாமா?"

"வேணும் சார். நெசத்தைச் சொல்லியே ஜெயிச்சுக் காட்டுறேன், பாருங்க."

மோரைக் குடித்துச் சொம்பை என்னிடம் கொடுத்துவிட்டு, மானேஜர் பேசி முடிப்பதற்குள் நடந்துவிட்டார். ஊர்க்காரர்கள் சொல்கிற திமிர் இதுதான். என் வாழ்நாளில் அதைவிட அழகான ஒன்றை நான் பார்த்ததில்லை.

ஆனால் எட்டு வயதில் எனக்கு அது புரியவில்லை. மானேஜர் சொன்ன பிறகு ஒருவர் நிஜமாகவே மாட்டேன் என்பாரா? வாயால் சொன்னாலும் காலால் செய்துவிடுவார் என்று நினைத்தேன். தெரு டீமுக்குக் கோல் காக்கிற எதிர்வீட்டு அண்ணன் நான் திரும்பி வருவதைப் பார்த்துச் சீண்டினான்.

"ஏ புள்ள, ஒங்க சித்தப்பாவுக்கு மில்லுச் சோறு இன்னியோட சரி."

எனக்கு ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது. "போலே! இனிமே அவரு மாத்திக் கத்தப் போறாரு. நீங்கல்லாம் முழிக்கப் போறீக!"

சொல்லிவிட்டுக் கரைக்கு ஓடிவிட்டேன்.

இரண்டாம் பாதியில் சித்தப்பா முன்னைவிட உரக்க, கரையின் கடைசி ஆளுக்கும் கேட்கும்படி, இடது என்று கத்தினார். எங்கள் தெரு மொத்தமும் வலப்பக்கம் ஓடியது. பந்து இடப்பக்கம் போய்க் கோலுக்குள் விழுந்தது. மறுபடி வலது என்றார். எல்லோரும் இடப்பக்கம் ஓடினார்கள். அதுவும் கோல். மில் ஜெயித்தது. நான் கரையில் குதித்தேன். சித்தப்பா மட்டும், கோல் விழுந்த இரண்டு தடவையும், பந்தைப் பார்க்காமல் எதிர்ப்பக்கம் ஓடிய எங்கள் பிள்ளைகளையே பார்த்துக்கொண்டு நின்றார்.

மானேஜர் ஓடிவந்து கட்டிக்கொண்டார். "சொன்னபடி செஞ்சிட்டியே!"

"செய்யல சார்," என்றார் சித்தப்பா, ஊர்ப் பெரியவர்கள் எல்லோரும் கேட்க. "இடதுன்னா இடதுதான் அடிச்சேன். நீங்க சொன்னதைக் கேக்கல. இனி எந்த மாட்ச்லயும் கேக்க மாட்டேன்."

மானேஜர் முகம் கறுத்தது. பஸ் சித்தப்பாவை ஏற்றாமலே போய்விட்டது. நிரந்தரம் ஆகவில்லை, தற்காலிகமும் போயிற்று. அதற்கு அவர் ஒரு நாளும் வருந்தவில்லை.

அன்று என் கையைப் பிடித்துக்கொண்டு நடந்துதான் வீட்டுக்கு வந்தார். பாதி வழியில் நின்று, "நம்ம பிள்ளைக ஏன் எதிர்ப்பக்கம் ஓடினாங்க? நீ யார்கிட்டயாச்சும் எதுவும் சொன்னியாம்மா?" என்று கேட்டார்.

"இல்ல," என்றேன். அவர் கன்னடத்தில் கேட்டதால் எனக்கும் கன்னடத்திலேயே வந்துவிட்டது.

அவர் என்னை நம்பினார். "அப்போ அவுகளாவேதான் நம்பல," என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார்.

சௌடம்மன் என் நாக்கை என்ன செய்வாளோ என்று இரண்டு நாள் நடுங்கினேன். ஒன்றும் ஆகவில்லை. எதிர்வீட்டு அண்ணன் அடுத்த மாதமே பட்டாளத்தில் சேர்ந்து போய்விட்டான். நானும் மறந்துபோனேன்.

சித்தப்பா மறுபடி தறியில் உட்கார்ந்தார். தெரு டீமில் ஆட வரச்சொல்லிப் பிள்ளைகள் வாசலில் வந்து எத்தனையோ தடவை கூப்பிட்டார்கள். அவர் போகவே இல்லை. ஏன் சித்தப்பா போகவில்லை என்று வீட்டுக்குள் வைத்துக் கேட்டால், முழங்கால் வலி என்பார். அதைத் தமிழில் சொல்வார். எங்களிடம் போய் எதற்குத் தமிழில் பேசுகிறார் என்று அப்போது எனக்கு விளங்கவில்லை.