மெஸ்ஸுக்கு வந்த கப்பி

உலகம்மாளுக்கு வாய்த்தது இரண்டு. தென்காசிப் பக்கத்துக் கைப்பக்குவம் ஒன்று, வீங்கிப்போன முட்டி ஒன்று. முன்னதை நம்பித்தான் மண்ணூரில் மோகனின் ஆண்கள் விடுதி மெஸ் ஓடியது. பின்னதை அவள் வெளியே காட்டிக்கொள்ளவில்லை. சமையல் கீழே, சாப்பாடு மூன்றாவது மாடியில், மொட்டைமாடி ஷெட்டில். எந்தப் புண்ணியவான் போட்ட பிளானோ! ஷிப்ட் முடிந்து வரும் பையன்களுக்குச் சோறும் சாம்பாரும் ரசமும் குண்டான் குண்டானாக, ஆளுக்கொரு காதைப் பிடித்து அவளும் கூட வேலை பார்த்த அன்னக்கிளியும்தான் ஏற்றினார்கள். படியேற முடியாதவளுக்கு அங்கே வேலை கிடையாது. இடுப்பு பிடித்துக்கொண்ட ஒருத்தியை மோகன் மறுநாளே அனுப்பியிருக்கிறான். வேலை போனால் மருமகள் கையை எதிர்பார்த்துத்தான் உலகம்மாள் சாப்பிட வேண்டும்.

அதனால்தான் ஒரு கப்பி மாட்டித் தரும்படி மோகனை அரித்தெடுத்தாள். கடைசியில் அவன் எங்கிருந்தோ பழைய கிணற்றுக் கப்பி ஒன்றைக் கொண்டுவந்து, மொட்டைமாடிக் கைப்பிடிச் சுவரில் கட்டப் போனான்.

சண்டை பிடித்தாள் அன்னக்கிளி. உள்ளூர்க்காரி, யாருக்கும் பயப்படாத வாய்.

"சார், அடியில நிக்கப்போறது நாங்க. செவுரோட சேந்து கொதிக்கிற சாம்பாரு எங்க தலைல வுழுந்தா நீயா வந்து பாப்ப? செய்யறதுன்னா ஒழுங்கா செய், இல்லாங்காட்டி வுட்டுடு."

மோகன் முணுமுணுத்துக்கொண்டே வெல்டர் சுப்பனைக் கூட்டிவந்தான். இரண்டு கான்கிரீட் தூண்களுக்குக் குறுக்கே இரும்பு பீம் ஏறியது. கனத்தைக் குறைக்கும், கயிறு நழுவாத புது இரட்டைக் கப்பி, வாய் மூடிக்கொள்ளும் கொக்கி, கையை விட்டாலும் கயிற்றைப் பிடித்துக்கொள்ளும் பூட்டு, கீழே யாரும் நுழையாமல் கம்பித் தடுப்பு. எல்லாம் அன்னக்கிளி பக்கத்திலேயே நின்று செய்யவைத்தது. குண்டானைவிட இரு மடங்கு கனத்த மணல் மூட்டையைத் தொங்கவிட்டு, பீம் அசையவில்லை என்று பார்த்த பிறகே அவள் வாய் ஓய்ந்தது. ஒருத்தி கீழே இழுக்க வேண்டும், ஒருத்தி மேலே வாங்க வேண்டும் என்று பேச்சு.

முதல் நாள் அன்னக்கிளி மேலே நிற்க, தான் இழுத்த சோற்றுக் குண்டான் ஜம்மென்று மேலே போனபோது உலகம்மாளுக்குத் தலைகால் புரியவில்லை. சும்மா இருந்திருக்கலாம். பாழாய்ப்போன வாய் இருக்கிறதே!

"ஏளா, இங்க பாரு! ஒத்தக் கையிலயே வருது! சார், நீங்களும் வந்து பாருங்க!"

மோகன் வந்தான், பார்த்தான். அவனும் ஒற்றைக் கையால் இழுத்துப் பார்த்தான்.

"அட, ஆமா. இதுக்கு ஒரு ஆளே போதும் போலக்கீதே."

சொந்தக் காசில் சூனியம் வைத்துக்கொள்வது என்பார்களே, அது இதுதான். அந்த மாதத்தோடு அன்னக்கிளியை நின்றுகொள்ளச் சொல்லிவிட்டான்.

உலகம்மாள் பதறிப்போய், "மேல வாங்குததுக்கு ஒரு ஆளு வேண்டாமா சார்?" என்றாள்.

"அதான் பூட்டு கீதே. இஸ்து பூட்டிட்டு, நீயே மேல போய் எடுத்துக்கோ. வெறுங்கையோடதானம்மா ஏறப்போற, இன்னா கஷ்டம்?"

அன்னக்கிளி டிபன் பாக்ஸைக் கழுவிப் பையில் வைத்தாள். அவளுக்கு அழுகை வரவில்லை, ஆத்திரம்தான் வந்தது.

"ரெண்டு கையால இஸ்துக் காட்டியிருக்கலாமில்லக்கா?"

 கப்பி இன்றைக்கும் பிசகாமல் ஓடுகிறது. உலகம்மாள்தான் இழுத்துப் பூட்டிவிட்டு, குண்டானுக்கு ஒரு தடவை அந்த முட்டியோடு மூன்று மாடியும் ஏறி இறங்குகிறாள். சுவருக்கு வெளியே கொதிக்கக் கொதிக்கத் தொங்கும் குண்டானை உள்ளே இழுக்கக் கை போதாதபோது, "ஏளா, கொஞ்சம் பிடி" என்று வாய் தானாகக் கூப்பிட்டுவிடுகிறது. மேலேயும் யாரும் இல்லை, கீழேயும் யாரும் இல்லை.